சோமாலிலாந்து தனி நாடா? அங்கே வேலை பார்த்தவன் சொல்கிறேன்

கேள்வி: சோமாலிலாந்து என்பது தனி நாடா, சோமாலியாவின் ஒரு மாநிலமா? அங்கே நிலையான அரசு என்று ஏதாவது உண்டா?

1991 மே 18-ல் தனி நாடு என்று அவர்களே அறிவித்துக்கொண்டார்கள். தனிக் கொடி, தனிப் பணம், படை, நீதிமன்றம், பாஸ்போர்ட் எல்லாம் இருக்கிறது. ஐ.நா.வில் இடம் இல்லை. உலக நாடுகள் ஏறக்குறைய எல்லாமே அதைச் சோமாலியாவின் பகுதியாகத்தான் ஏட்டில் வைத்திருக்கின்றன. நிலையான அரசு உண்டா என்றால், உண்டு. அடித்துச் சொல்வேன்.

இந்தக் கேள்வியைக் கேட்கிறீர்கள் என்றால் சோமாலிலாந்தின் தலைநகர் ஹர்கேய்சாவில் உங்களுக்கு ஏதோ வேலை வந்திருக்க வேண்டும். வீட்டில் "சோமாலியாவுக்கா போகப்போறே?" என்று அழுகை நடந்துகொண்டிருக்கும். எங்கள் வீட்டிலும் நடந்தது. அரிசி, சர்க்கரை இறக்குமதி செய்யும் ஒரு கம்பெனியில் நான் அங்கே கணக்கு பார்த்தவன்.

பிரிட்டிஷ்காரர்களிடமிருந்து 1960 ஜூன் 26-ல் விடுதலை வாங்கிய நாடு சோமாலிலாந்து. ஐந்தே நாள் தனியாக இருந்தது. ஜூலை 1-ல் இத்தாலியர் ஆண்ட தெற்குப் பகுதியோடு தானே விரும்பிப் போய்ச் சேர்ந்தது. சோமாலிகள் எல்லாரும் ஒரே கொடியின் கீழ் வாழவேண்டும் என்ற ஆசைதான் காரணம். தலைநகர் மொகதிஷுவானது, அதிகாரமும் அங்கேயே தங்கிவிட்டது. 1969-ல் சியாத் பர்ரேயின் ராணுவ ஆட்சி வந்தது. 1988-ல் வடக்குக் கிளர்ச்சிப் படை ஹர்கேய்சாவுக்குள் நுழைந்ததும் அரசு தன் சொந்த ஊரையே குண்டு போட்டு அழித்தது. குண்டு போட்ட விமானங்கள் ஹர்கேய்சா விமான நிலையத்திலிருந்தே கிளம்பின. இரண்டு நிமிடம் பறந்தால் ஊர். போட்டுவிட்டு அங்கேயே இறங்கி, மறுபடி குண்டு ஏற்றிக்கொண்டு கிளம்பின. நகரின் நடுவில் ஒரு மிக் போர் விமானத்தை மேடை கட்டி நிறுத்தியிருக்கிறார்கள். அதன் அடியில்தான் சாயந்திரத்தில் ஆட்கள் கூடுவார்கள்.

எங்கள் கிடங்குப் பொறுப்பாளர் வயதானவர். அதேர் என்றுதான் எல்லாரும் கூப்பிடுவோம், பெரியப்பா முறை. 1988-ல் குடும்பத்தோடு எத்தியோப்பிய எல்லைக்கு நடந்தே போனவர். 1991-ல் திரும்பி வந்தபோது அவர் வீட்டில் சுவர் மட்டும் நின்றதாம். கூரைத் தகரம், கதவு, ஜன்னல் சட்டம், சுவருக்குள் ஓடிய மின்கம்பி வரைக்கும் பிடுங்கிப்போயிருந்தார்கள். அவர் சொன்ன கதைகளில் எனக்கு இன்றும் மறக்காதது இதுதான்.

அப்படிப்பட்ட ஊரில் அரசை யார் கட்டினார்கள்? பெரும்பாலும் இனக்குழுப் பெரியவர்கள். 1993-ல் போரமா என்ற ஊரில் மாதக்கணக்கில் உட்கார்ந்து பேசினார்கள். எகால் என்பவரை அதிபராக்கினார்கள். 1960-ல் அந்த ஐந்து நாள் நாட்டுக்குத் தலைமை வகித்தவரும் அவரே. பெரியவர்களின் சபைக்கு கூர்த்தி என்று பெயர், 82 பேர். மக்கள் பிரதிநிதிகள் சபைக்கும் 82 பேர். கட்சி மூன்றுக்கு மேல் கூடாது என்பது அரசியல் சாசனம். ஒவ்வொரு குழுவும் ஆளுக்கொரு கட்சி தொடங்கிவிடக் கூடாது என்பதற்காக வைத்த விதி. இதைவிடப் புத்தியான ஏற்பாடு எனக்குத் தெரிந்து குறைவு.

எகால் 2002-ல் இறந்தார். துணை அதிபர் ரியாலே சட்டப்படி பதவிக்கு வந்தார். அவர் பெரும்பான்மைக் குழுவைச் சேர்ந்தவர் இல்லை, பர்ரே காலத்து உளவுத்துறையில் இருந்தவர் வேறு. 2003 ஏப்ரலில் தேர்தல். சுமார் ஐந்து லட்சம் ஓட்டு பதிவாகி, ரியாலே 80 ஓட்டில் ஜெயித்ததாகத் தேர்தல் ஆணையம் அறிவித்தது. தோற்றவர் சிலான்யோ, குல்மியே கட்சி. துப்பாக்கி இல்லாத வீடே குறைவாக இருந்த ஊர் அது. கோர்ட்டுக்குப் போனார்கள், பெரியவர்கள் பேசினார்கள், கடைசியில் சிலான்யோ தோல்வியை ஏற்றார். அதேர் குல்மியேகாரர். "எண்பது பேர் என் தெருவிலேயே இருக்கிறார்கள். ஆனால் இப்போதுதான் கூரை போட்டேன், ஒருத்தர் பதவிக்காக அதை இழக்க முடியுமா?" என்றார்.

நான் கண்ணால் பார்த்தது 2010 தேர்தல். ஜூன் 26, விடுதலையின் 50-வது ஆண்டு நாளிலேயே ஓட்டுப்பதிவு. விடியுமுன்பே பெண்கள் வரிசை தெரு முனை தாண்டிப் போனது. எங்கள் முதலாளி ஆளும் கட்சிப் பக்கம். முடிவு வரும்வரை பணப்பெட்டியைப் பூட்டி வைக்கச் சொல்லி, எங்களை வீட்டைவிட்டு வெளியே வர வேண்டாம் என்றார். ஜூலை 1-ல் முடிவு வந்தது: சிலான்யோவுக்கு ஏறக்குறையப் பாதி ஓட்டு, ரியாலேக்கு மூன்றில் ஒரு பங்கு. ரியாலே ஏற்றுக்கொண்டார், அதே மாதம் ஆட்சி கைமாறியது. மறுநாள் கிடங்கைத் திறந்தோம். சாயந்திரம் தோற்ற கட்சி முதலாளியும் ஜெயித்த கட்சி அதேரும் சர்க்கரை மூட்டை இறக்கும் இடத்தில் ஒரே பாய் விரித்து மஃரிப் தொழுதார்கள்.

இதைப் படித்ததும் "அந்த நாட்டுக்கு விளம்பரம் செய்கிறாய்" என்று பின்னூட்டம் வரும். எல்லாம் சரியாக இருக்கிறது என்று நான் சொல்லவே இல்லை. கூர்த்திக்குத் தேர்தலே நடந்ததில்லை, அப்பா இறந்தால் மகன் உட்காருவதும் உண்டு. 2005-ல் தேர்ந்தெடுத்த மக்கள் சபை 2021 வரை நீடித்தது. 2021 தேர்தலில் ஒரு பெண்கூட அந்தச் சபைக்கு ஜெயிக்கவில்லை. கிழக்கே லாஸ் அனோட் என்ற ஊர் மக்கள் ஹர்கேய்சா ஆட்சியே வேண்டாம் என்று 2023-ல் எழுந்து, மாதக்கணக்கில் சண்டை நடந்து, சோமாலிலாந்துப் படை பின்வாங்கியது. 2022-ல் நடந்திருக்க வேண்டிய அதிபர் தேர்தல் 2024 நவம்பரில்தான் நடந்தது. ஆனால் அதிலும் ஆளும் கட்சி தோற்றது, எதிர்க்கட்சியின் இர்ரோ பதவிக்கு வந்தார். தோற்றவர் வீட்டுக்குப் போனார். அதையும் சேர்த்துத்தானே பேச வேண்டும்?

கடற்கொள்ளை பற்றிக் கேட்பவர்களுக்கு: கொள்ளைக்காரர்களின் தளங்கள் பெரும்பாலும் கிழக்கே அடுத்திருக்கும் சோமாலியாவின் பன்ட்லாந்துப் பகுதியிலும் அதற்குத் தெற்கேயும் இருந்தன. பிடிபட்டவர்களை அடைத்த சிறைகளில் ஒன்று ஹர்கேய்சாவில் இருக்கிறது.

கேள்விக்குச் சம்பந்தமில்லாத ஒன்றையும் சொல்லியாக வேண்டும். ஊர் திரும்பி ஒரு பெரிய கம்பெனியில் நேர்முகத் தேர்வுக்குப் போனேன். என் அனுபவச் சான்றிதழைப் பார்த்த அதிகாரி "இப்படி ஒரு நாடே லிஸ்டில் இல்லையே" என்று தள்ளி வைத்தார். ஐந்நூறு ஷில்லிங் நோட்டில் சாக்குச் சாக்காகச் சம்பளம் எண்ணிக் கொடுத்து, டாலர் கணக்கோடு ஒரு நயா பைசா பிசகாமல் முடித்தவன் நான். துபாயில் மூன்று மாதம் பில் போட்டவருக்கு இருக்கும் மதிப்பு அந்த வேலைக்கு இல்லை. எந்த நாட்டில் செய்தால் என்ன, கணக்கு கணக்குதானே? இன்றுவரை ஆறவில்லை.

உங்கள் விஷயத்துக்கு வருகிறேன். ஹர்கேய்சா, துறைமுக ஊரான பெர்பெரா என்றால் தைரியமாகப் போங்கள், கிழக்குப் பக்கம் என்றால் வேண்டாம். விசாவை கம்பெனியே ஹர்கேய்சாவில் எடுத்துத் தரட்டும், மொகதிஷு விசாவை நம்பிக் கிளம்பாதீர்கள். சம்பளம் டாலரில் என்று ஒப்பந்தத்தில் எழுதி வாங்கிய பிறகு டிக்கெட் போடுங்கள்.