சத்தம் வருது, படம் வரலையா? லேப்டாப்பில் கோளாறு இல்லை அம்மா

கேள்வி: எனக்கு 64 வயது. ஓய்வுபெற்ற ஆசிரியை. கொளத்தூரில் தனியாக இருக்கிறேன். மகன் விட்டுப்போன லேப்டாப்பில் சந்தா கட்டி ஓடிடியில் படம் பார்க்கிறேன். சப்டைட்டில் எழுத்து சிறிதாகத் தெரிந்ததால், பரணில் கிடந்த பழைய 22 இன்ச் மானிட்டரை இறக்கி, 300 ரூபாய்க்கு ஒரு கன்வெர்ட்டர் வாங்கி இணைத்தேன். யூடியூப் பளிச்சென்று வருகிறது. ஓடிடி படம் போட்டால் சத்தம் கேட்கிறது, சப்டைட்டிலும் ஓடுகிறது, படம் மட்டும் கருப்பு. லேப்டாப் திரையிலும் அப்படியே. கேபிளை உருவினால் லேப்டாப்பில் படம் வந்துவிடுகிறது. வந்து பார்த்த மெக்கானிக், "கிராபிக்ஸ் கார்டு போயிடுச்சு, மாத்த 7,500 ஆகும்" என்கிறார். மாற்றிவிடலாமா?

பதில்: மாற்றாதீர்கள். அட்வான்ஸ் கொடுத்திருந்தால் இன்றைக்கே திருப்பிக் கேளுங்கள்.

உங்கள் கேள்வியிலேயே பதில் இருக்கிறது அம்மா. கேபிளை உருவினால் படம் வருகிறது என்கிறீர்கள். கிராபிக்ஸ் செத்துப்போயிருந்தால் அது எப்படி வரும்? மானிட்டரில் யூடியூப் மட்டும் எப்படி ஓடும்? இன்னொன்றும் சொல்கிறேன். வீட்டு உபயோகத்துக்கு விற்கிற பெரும்பாலான லேப்டாப்களில் கிராபிக்ஸ் என்பது பிராசஸருக்கு உள்ளேயே இருக்கும், இல்லையென்றால் மதர்போர்டில் பற்றவைத்திருக்கும். டெஸ்க்டாப்பில் மாதிரி கழற்றி மாட்டுகிற கார்டு கிடையாது. ஆக, லேப்டாப்பில் "கார்டு மாத்தணும்" என்று ஒருவர் சொன்னால், அவருக்குத் தொழில் தெரியவில்லை, அல்லது உங்களுக்குத் தெரியாது என்று நினைக்கிறார். சிப்பைச் சூடுகாட்டி உட்காரவைத்துவிட்டு "மாத்திட்டேன்" என்று பணம் வாங்குகிறவர்களை இருபது வருஷமாகப் பார்க்கிறேன். நல்ல சிப்பை அப்படிச் சூடுகாட்டினால் நன்றாக ஓடுகிற மெஷினும் படுத்துவிடும்.

அப்படியானால் ஏன் கருப்பு? பூட்டு. லேப்டாப்பிலிருந்து வெளித் திரைக்குப் போகிற படம் பூட்டோடுதான் போகவேண்டும் என்று ஓடிடி நிறுவனங்கள் கேட்கின்றன. எச்டிசிபி (HDCP) என்று அந்தப் பூட்டுக்குப் பெயர். பெயரை மறந்துவிடலாம், விஷயம் இதுதான். பதிவுத் தபால் கொண்டுவருகிற தபால்காரர் கையெழுத்து வாங்காமல் கவரைக் கொடுக்கமாட்டார் இல்லையா? அதே மாதிரி, கேபிளின் மறுமுனையில் இருக்கிற திரை "நான்தான்" என்று பதில் சொன்னால்தான் படம் இறங்கும். உங்கள் மானிட்டரின் நீல நிற முனை, அதாவது விஜிஏ, பழைய காலத்து அனலாக். அதற்குக் கையெழுத்துப் போடத் தெரியாது. நடுவில் இருக்கிற கன்வெர்ட்டருக்கும் தெரியாது. யூடியூபின் இலவச வீடியோக்கள் வாசலில் போட்டுவிட்டுப் போகிற நோட்டீஸ் மாதிரி, அவற்றுக்குக் கையெழுத்து வேண்டாம். சப்டைட்டிலும் சத்தமும் தனி வழியில் வருவதால் தப்பித்துவிடுகின்றன. ஒரே படத்தை இரண்டு திரையிலும் காட்டச் சொல்லியிருக்கிறீர்கள், அதனால்தான் லேப்டாப்பிலும் சேர்ந்து இருட்டு.

எனக்கு எரிச்சல் வருகிற இடம் இதுதான். திருட்டைத் தடுக்க என்று கொண்டுவந்த இந்தப் பூட்டின் தலைமைச் சாவி 2010-லேயே வெளியே கசிந்துவிட்டது. உருவாக்கிய இன்டெல் நிறுவனமே அதை ஒப்புக்கொண்டது. திருட்டுப் பிரதி எடுக்கிறவன் எப்படியோ எடுத்துக்கொண்டுதான் இருக்கிறான். மாதாமாதம் காசு கட்டுகிற கொளத்தூர் டீச்சருக்குத்தான் இருட்டு. "உங்கள் மானிட்டர் ஒத்துவரவில்லை" என்று திரையில் தமிழில் ஒரு வரி போட்டால் குறைந்தா போய்விடுவார்கள்? சில சேவைகள் ஒரு எர்ரர் நம்பரைக் காட்டும், சில அதுவும் இல்லை. அந்த இருட்டில்தான் மெக்கானிக் புகுந்து 7,500 கேட்கிறார்.

இனி செய்யவேண்டியது. மானிட்டரைத் திருப்பிப் பின்பக்கம் பாருங்கள். லேப்டாப்பில் கன்வெர்ட்டரைச் செருகியிருக்கிறீர்களே, அதே மாதிரி எச்டிஎம்ஐ ஓட்டை இருந்தால் வேலை முடிந்தது. நேரடி கேபிள் ஒன்று போதும், கன்வெர்ட்டரைத் தூக்கிப்போடுங்கள்.

இல்லையென்றால், நீல முனைக்குப் பக்கத்தில் பெரும்பாலும் வெள்ளையாக, அகலமாக இன்னொரு முனை இருக்கிறதா என்று பாருங்கள். அதுதான் டிவிஐ. இதைக் கொஞ்சம் நிதானமாகச் சொல்கிறேன், ஏனென்றால் கடைக்காரர் யாரும் சொல்லமாட்டார். டிவிஐ டிஜிட்டல் முனை, அதனால் அந்தக் கையெழுத்தைப் போடும் வசதி பல மானிட்டர்களில் உண்டு. ரொம்பப் பழையவற்றில் இருக்காது. அட்டைப்பெட்டியோ மேனுவலோ இருந்தால் HDCP என்ற நான்கு ஆங்கில எழுத்து இருக்கிறதா என்று தேடுங்கள். எதுவும் கிடைக்கவில்லையென்றால், எச்டிஎம்ஐ – டிவிஐ கேபிள் வைத்திருக்கிற யாரிடமாவது ஒரு நாள் இரவல் வாங்கி மாட்டிப் பாருங்கள். படம் வந்தால் சொந்தமாக வாங்கிக்கொள்ளலாம். கடையில் அதே விலைக்கு மறுபடியும் "விஜிஏ கன்வெர்ட்டர், இது புது மாடல்" என்று எடுத்து நீட்டுவார்கள். வாங்கவே வாங்காதீர்கள், மாடல் மாறினாலும் முனை அதே முனைதான். இன்னொரு விஷயம், டிவிஐ மானிட்டரில் பெரும்பாலும் ஸ்பீக்கர் இருக்காது. படம் வந்ததும் சத்தம் நின்றுபோனால் பயப்படாதீர்கள். கீழே வலது மூலையில் இருக்கிற ஸ்பீக்கர் படத்தை அழுத்தி, சத்தம் லேப்டாப்பிலேயே வரும்படி மாற்றிவிடுங்கள்.

மாட்டிய பிறகு, விண்டோஸ் படம் போட்ட பட்டனை அழுத்திக்கொண்டே பி எழுத்தை அழுத்தினால் நான்கு தேர்வுகள் வரும். "செகண்ட் ஸ்கிரீன் ஒன்லி" என்பதை எடுங்கள். ஒரே ஒரு திரை இருந்தால் தகராறு குறைவு.

நீல முனை மட்டும்தான் இருக்கிறது என்றால், அந்த மானிட்டரை ஓடிடிக்கு மறந்துவிடுங்கள். "அதுக்கு ஒரு ஸ்டிக் வாங்கிச் செருகினா வந்துடும்" என்று சொல்வார்கள். வராது. ஸ்டிக் என்பது டிவியில் செருகி ஓடிடி பார்க்கிற சின்னக் கருவி. அதுவும் அதே எச்டிஎம்ஐ, அதே பூட்டு, அதே கன்வெர்ட்டர். எச்டிஎம்ஐ உள்ள டிவி வீட்டில் இருந்தால் மட்டும் ஸ்டிக் நல்ல யோசனை. 4கே சந்தாவுக்கு மாறச் சொன்னாலும் மாறாதீர்கள். அதற்கு இதைவிடக் கறாரான பூட்டு உண்டு.

நீங்கள் கேட்காத ஒன்று, ஆனால் சொல்லாமல் விடமாட்டேன். படம் வரவில்லையே என்று கூகுளில் கஸ்டமர் கேர் நம்பர் தேடிக் கூப்பிடாதீர்கள். தேடலில் வருகிற நம்பர்களில் பல யாருடையவை என்றே தெரியாது. "ஒரு சின்ன ஆப் போடுங்க மேடம், நாங்களே உங்க ஸ்கிரீனைப் பாத்து சரிபண்றோம்" என்பார்கள். போட்ட நிமிஷத்தில் உங்கள் திரை அவர்கள் கையில். பத்து ரூபாய் கட்டணம் கட்டச் சொல்லி, நீங்கள் அடிக்கிற பின் நம்பரைப் பார்த்துக்கொண்டிருப்பார்கள். என் கடைக்கு அழுதுகொண்டு வந்த ஒரு பெரியவர், பணம் போனதற்கு மறுநாள் காலையில்தான் வந்தார். அப்படி ஏதாவது நடந்தால் தூங்கி எழுந்து யோசிக்கிற வேலை வேண்டாம். உடனே சைபர் மோசடிப் புகார் எண்ணான 1930-ஐக் கூப்பிடுங்கள். உதவி வேண்டுமென்றால் சந்தா கட்டியிருக்கிற ஆப்பின் உள்ளேயே ஹெல்ப் இருக்கும், அதை மட்டும் தொடுங்கள்.

அதே மாதிரி, வாட்ஸ்அப்பில் "எல்லா ஓடிடியும் ஒரு வருஷம் 600 ரூபாய்" என்று வருகிற ஆளிடமும் போகாதீர்கள். யாருடைய கணக்கையோ பத்துப் பேருக்கு விற்கிறார். ஒரு நாள் பாஸ்வேர்டு மாறும், அதோடு அவர் நம்பரும் மாறும்.

கடைசியாக, உங்கள் பிரச்சினை ஆரம்பித்ததே சின்ன எழுத்தில்தான். பெரும்பாலான சேவைகளின் செட்டிங்ஸில் சப்டைட்டில் அளவைப் பெரிதாக்கிக்கொள்ளலாம். மெனு எழுத்துக்கு, பிரவுசரில் பார்க்கிறீர்கள் என்றால், கன்ட்ரோல் பட்டனை அழுத்திக்கொண்டு பிளஸ் குறியை இரண்டு தடவை தட்டுங்கள். அதை முதலில் செய்து பார்த்துவிட்டு, மானிட்டரை மறுபடி பரணில் ஏற்றுவதா என்று அப்புறம் முடிவுசெய்யுங்கள்.