பேய் ஐந்தாவது நிமிடத்திலேயே வரலாமா?

கேள்வி: கானாடுகாத்தானில் உறவினர் ஒருவரின் பழைய வீட்டில் நண்பர்கள் சேர்ந்து 34 நிமிடப் பேய்ப்படம் ஒன்றை எடுத்து முடித்திருக்கிறோம். இறந்துபோன ஆச்சி வீட்டின் பின்பகுதியான இரண்டாங்கட்டிலிருந்து, நடுமுற்றம் உள்ள வளவுக்குத் தவழ்ந்து வரும் காட்சிதான் அதில் மிகச் சிறப்பாக அமைந்தது; செலவும் அதற்குத்தான் அதிகம். அது ஐந்தாவது நிமிடத்தில் வருகிறது. படத்தொகுப்பாளரோ அதை எடுத்துவிடச் சொல்கிறார். புகழ்பெற்ற பேய்ப்படங்களிலும் இப்படி நல்ல காட்சிகளை வெட்டியிருக்கிறார்களா? வெட்டியதைப் பின்னர் வெளியிடலாமா?
– வாசகர், காரைக்குடி

பதில்: உங்கள் படத்தொகுப்பாளர் பாதி சரியாகச் சொல்கிறார். காட்சியைக் கைவிட வேண்டியதில்லை. ஐந்தாவது நிமிடத்தில் அது இருக்கக் கூடாது. நீக்கப்பட்ட காட்சிகளுள் பெயர்பெற்றவற்றை எடுத்துப் பார்த்தால், அவற்றுள் பல மோசமாக எடுக்கப்பட்டதால் போனவை அல்ல என்பதும், இருந்த இடம் பொருந்தாமல் போனவை என்பதும் விளங்கும்.

1973இல் வெளிவந்த ‘தி எக்ஸார்சிஸ்ட்’ உங்கள் நிலைமைக்கு மிக நெருக்கமானது. ஆவி பிடித்த சிறுமி உடலை மல்லாக்க வளைத்துக் கையும் காலுமாக மாடிப்படியில் இறங்கி வரும் காட்சியை இயக்குநர் வில்லியம் ஃப்ரீட்கின் எடுத்துவிட்டு, வெளியீட்டுக்கு முன் நீக்கினார். நடித்தவரைத் தாங்கிப் பிடித்த கம்பிகள் திரையில் தெரிந்தன என்பதும், அவற்றை அழிக்க அந்நாளில் வசதி இல்லை என்பதும் ஒரு காரணம். எனக்கு முக்கியமாகப் படுவது மற்றக் காரணம்தான். நெருங்கிய நண்பர் இறந்த செய்தியைக் கேட்டுத் தாய் இடிந்துபோய் நிற்கும் அதே வேளையில் மகள் படியிறங்கி வருவதாக அக்காட்சி அமைந்திருந்ததால், ஓர் அதிர்ச்சி அடங்குமுன் இன்னொன்று வந்து முந்தியதை விழுங்கிவிட்டது. நாவலையும் திரைக்கதையையும் எழுதிய வில்லியம் பீட்டர் பிளாட்டிக்குப் படத்தில் நேர்ந்த நீக்கங்கள் பலவற்றில் உடன்பாடு இல்லை. 2000ஆம் ஆண்டில் வெளியான விரிவான பதிப்பில் கம்பிகளைக் கணினியால் அழித்து இக்காட்சியைத் திரும்பச் சேர்த்தார்கள். இரு பதிப்புகளையும் அடுத்தடுத்துப் பாருங்கள். கம்பி மறைந்துவிட்டது, இடச் சிக்கல் அப்படியே இருக்கிறது. சிறுமிக்கு என்ன நேர்ந்துவிட்டது என்பதைக் கண்ணாரக் கண்ட பிறகும் மருத்துவர்கள் விளக்கம் தேடிக்கொண்டிருப்பதைப் பார்க்க நமக்குப் பொறுமை இருப்பதில்லை. 1973இல் எடுத்த முடிவே சரி என்பது என் கருத்து. பேய்ப்பட ரசிகர்கள் பலர் இதற்காக என்னோடு சண்டைக்கு வருவார்கள்.

‘கிங் காங்’ (1933) படத்தில் மரப்பாலத்திலிருந்து பள்ளத்தில் விழும் மாலுமிகளை இராட்சதச் சிலந்திகளும் பிற பூச்சிகளும் தின்னும் பகுதி ஒன்று இருந்தது. பொம்மைகளை அணு அணுவாக நகர்த்திப் படம்பிடித்த அந்த உழைப்பை, படத்தின் இயக்குநர்களுள் ஒருவரான மெரியன் கூப்பர் தாமே வெட்டி எறிந்தார். அது கதையின் ஓட்டத்தை நிறுத்திவிட்டது, காங்கைத் துரத்திக்கொண்டிருந்த பார்வையாளரின் மனம் பள்ளத்திலேயே தங்கிவிட்டது என்பது அவர் கணக்கு. ‘ஏலியன்’ (1979) படத்தில் ரிட்லி ஸ்காட்டும் இதையே செய்தார். விண்கலம் வெடிக்கச் சில நிமிடங்களே இருக்கும்போது, வேற்றுலக உயிரியின் கூட்டுக்குள் சிக்கி உயிரோடு கிடக்கும் கலத்தின் தலைவனைக் கதாநாயகி காணும் காட்சி, ஓட வேண்டியவளை நிற்க வைத்தது. ‘தி ஷைனிங்’ (1980) வெளியாகித் திரையரங்குகளில் ஓடத் தொடங்கிய பின்பே, முடிவில் வந்த மருத்துவமனைக் காட்சியை ஸ்டான்லி குப்ரிக் படப்பிரதிகளிலிருந்து வெட்டச் செய்தார்.

தணிக்கைக்காகவும் தயாரிப்பு நிறுவனத்தின் அச்சத்துக்காகவும் போனவை வேறு வகை. அவற்றுள் ஒன்று மட்டும் உங்களுக்குப் பாடமாகப் பயன்படும். ‘ஃப்ராங்கன்ஸ்டைன்’ (1931) படத்தில் ஏரிக்கரையில் ஒரு சிறுமி பூக்களைத் தண்ணீரில் எறிந்து மிதக்கவிட்டு விளையாடுகிறாள். போரிஸ் கார்லாஃப் நடித்த, மனிதன் செயற்கையாக உருவாக்கிய அந்த உருவமும் மகிழ்ச்சியோடு சேர்ந்துகொள்கிறது. பூக்கள் தீர்ந்ததும், அவளும் மிதப்பாள் என்று நம்பி அவளைத் தூக்கி எறிகிறது. அவள் மூழ்கிப் போனதும் திகைக்கிறது. கொடூரம் என்று எறியும் பகுதியை வெட்டினார்கள். விளைவு என்னவென்றால், அது சிறுமியை நோக்கிக் கை நீட்டுவதோடு காட்சி அறுந்தது; அடுத்துத் தகப்பன் அவள் உடலைச் சுமந்துகொண்டு ஊருக்குள் வருகிறான். இடையில் நடந்ததைப் பார்வையாளர், எடுக்கப்பட்டதைவிடப் பன்மடங்கு கொடியதாகக் கற்பனை செய்துகொண்டார்கள். அறியாமையால் நேர்ந்த சாவு வெறிச்செயலாகிவிட்டது. 1980களில் அப்பகுதி திரும்பச் சேர்க்கப்பட்டபோதுதான் அந்தப் பாத்திரத்துக்கு அதன் இரக்கமும் திரும்பக் கிடைத்தது.

எனவே வெட்டுவதற்கு முன், ஆச்சியின் காட்சி போனால் எதெல்லாம் அறுந்து தொங்கும் என்று முழுப்படத்தையும் ஓட்டிப் பாருங்கள். பின்னால் யாராவது ‘அன்றைக்குப் பார்த்தேனே’ என்று பேசுகிறாரா, வளவுத் தூணைப் பார்த்ததும் காரணமின்றி நடுங்குகிறாரா என்பவற்றைக் குறித்துக்கொள்ளுங்கள். தவழ்ந்து வருவதை 20ஆவது நிமிடத்துக்குப் பின்னால் கொண்டுபோங்கள். ஐந்தாவது நிமிடத்தில் அதற்குப் பதிலாக உங்கள் வீட்டின் அமைப்பையே பயன்படுத்தலாம். செட்டிநாட்டு வீட்டின் தலைவாசலில் நின்றால் வளவைத் தாண்டிப் பின்கட்டு வாசல்வரை ஒரே நேர்க்கோட்டில் தெரியும் அல்லவா? முகப்பில் யாரோ பேசிக்கொண்டிருக்க, கடைசி நிலைவாசலில் விரலளவு உருவம் ஒன்று இரண்டு வினாடி நின்றுவிட்டு இல்லாமல் போகட்டும். இசை வேண்டாம், யாரும் திரும்பிப் பார்க்கவும் வேண்டாம். பார்த்தவர் சிலர், பார்க்காதவர் பலர் என்று ஆனால் நல்லதுதான். பிறகு, கதை தெரியாத சிலரை உட்கார வைத்து இரு வடிவங்களையும் காட்டுங்கள். படப்பிடிப்பில் இருந்தவர்களின் கருத்து இதற்கு உதவாது, ஏனென்றால் அவர்கள் பட்ட பாட்டைத்தான் திரையில் பார்ப்பார்கள்.

வெட்டியதைப் பின்னர் வெளியிடலாம். படம் பரவலாகப் பார்க்கப்பட்ட பிறகு, தனித் துணுக்காக வெளியிடுவது நல்லது. படத்துக்குள் திரும்பச் சேர்க்க விரும்பினால், ‘ஏலியன்’ படத்துக்கு ஸ்காட் 2003இல் வெளியிட்ட இயக்குநர் பதிப்பைப் பாருங்கள்: கூட்டுக் காட்சியைச் சேர்த்தவர், வேறிடங்களில் அதைவிட அதிகமாக வெட்டினார், புதிய பதிப்பு பழையதைவிடச் சற்றே குறுகியது. திரையரங்கில் காட்டும் எண்ணம் இருந்தால், தணிக்கைச் சான்றிதழுக்கு விண்ணப்பிக்கும் முன்பே இந்த வேலையை முடித்துவிடுங்கள், ஏனெனில் சான்றிதழ் பெற்ற படத்தில் பின்னர் செய்யும் மாற்றங்களையும் வாரியத்திடம் தெரிவித்தாக வேண்டும். மூலப் பதிவுகளை ஒலியோடு சேர்த்து இரண்டு வன்தட்டுகளில் ஏற்றி, ஒன்றை வேறு வீட்டில் வையுங்கள். கூப்பர் வெட்டிய சிலந்திப் பள்ளம் இன்றுவரை கிடைக்கவில்லை.