நடிகர் பிலிப் மேடாக் பற்றிக் கேளுங்கள்

கேள்வி: ‘டாட்ஸ் ஆர்மி’ என்ற பிரிட்டிஷ் நகைச்சுவைத் தொடரில் ஜெர்மன் நீர்மூழ்கிக் கப்பல் தலைவராக வருபவர் ஜெர்மானியரா?

இல்லை, அந்த வேடத்தில் நடித்த பிலிப் மேடாக் அசல் வேல்ஸ்காரர். 1934-இல் மெர்தர் டிட்வில் நகரில் பிறந்தவர். குடும்பப் பெயர் ஜோன்ஸ். கார்டிஃபிலும் வியன்னாவிலும் படித்து, மொழிபெயர்ப்பாளராக வேலை பார்த்த பிறகே லண்டன் ராடா நடிப்புப் பள்ளிக்கு வந்தார். ஜெர்மன் அவருக்குத் தண்ணீர் பட்ட பாடு. ஜெர்மானிய வேடம் என்றாலே தொண்டை கிழியக் கத்திய நடிகர்களுக்கு நடுவே இவர் குரலைத் தாழ்த்திப் பேசினார்.

கேள்வி: அந்தப் பெயர்ப் பட்டியல் காட்சியை ஏன் இப்படிக் கொண்டாடுகிறார்கள்? எனக்குச் சிரிப்பே வரவில்லை.

துணுக்காகப் பார்த்திருப்பீர்கள். 1973-இல் வந்த அந்த அத்தியாயத்தை முழுதாகப் பாருங்கள். துப்பாக்கி பிடித்திருப்பது கேப்டன் மேன்வாரிங்கின் ஊர்க்காவல் படை, அதிகாரமோ கைதியாகப் பிடிபட்ட அந்தக் கப்பல் தலைவரிடம். போர் முடிந்ததும் யார் யாரிடம் கணக்குத் தீர்ப்பது என்று பெயர் குறித்துக்கொண்டே வருகிறார். படையின் இளவட்டம் ஹிட்லரைக் கிண்டல் செய்து பாட, “உன் பெயர் என்ன?” என்கிறார். “சொல்லாதே, பைக்!” என்று மேன்வாரிங்கே பெயரைப் போட்டு உடைத்துவிடுகிறார். கைதட்டல் எல்லாம் மேன்வாரிங்காக நடித்த ஆர்தர் லோவுக்குப் போயிற்று. ஆனால் மேடாக்கின் உதட்டோரம் கொஞ்சம் நெளிந்திருந்தாலும் காட்சி படுத்திருக்கும். நகைச்சுவைத் தொடரில் நடிக்கிறோம் என்பதே தெரியாதவரைப் போல நிற்கிறார் பாருங்கள், அதுதான் வித்தை.

கேள்வி: ‘டாக்டர் ஹூ’ அறிவியல் புனைகதைத் தொடரில் எத்தனை வேடம், ஐயா?

தொலைக்காட்சியில் நான்கு கதைகள். 1969-இல் போர்ப் பிரபுவாகத் தடித்த மூக்குக் கண்ணாடியும் மெல்லிய குரலுமாக வந்தார். 1976-இல் பித்துப் பிடித்த அறுவை மருத்துவர் சோலன். என் ஓட்டு சோலனுக்கு.

கேள்வி: வாழ்நாள் முழுக்க வில்லன்தானா?

1971-இல் பிபிசி தொடரில் வட அமெரிக்கப் பூர்வகுடியான ஹியூரான் இனத்து வீரன் மாகுவாவாகவும் நடித்தார். இன்றைக்கு அந்த வேடத்தை ஒரு வெள்ளையருக்குக் கொடுக்க மாட்டார்கள். பெரிய திருப்பம் 1981-இல் வந்தது. வேல்ஸ் மொழியைத் தாய்மொழியாகப் பேசி வளர்ந்த பிரிட்டன் பிரதமர் லாயிட் ஜார்ஜின் வாழ்க்கையை பிபிசி ஒன்பது பகுதிகளாக எடுத்தது. மேடையை ஆளும் பேச்சு, பெண்கள் விஷயத்தில் சபலம், அரசியல் தந்திரம் எல்லாம் ஒரே ஆளிடம் வேண்டும். மேடாக் மூன்றையும் காட்டினார். கொடுமை என்னவென்றால், பலருக்கு நினைவிருப்பது அதன் முகப்பு இசைதான். இசையமைப்பாளர் என்னியோ மோரிக்கோனேயின் அந்த இசை பிரிட்டன் இசைத்தட்டு விற்பனைப் பட்டியலில் இரண்டாம் இடம் வரை போனது.

கேள்வி: ரூத் மேடாக் உறவா?

முன்னாள் மனைவி. ‘ஹை-டி-ஹை’ நகைச்சுவைத் தொடர் புகழ் ரூத் அவர்தான். மணமுறிவுக்குப் பிறகும் அந்தப் பெயரிலேயே நடித்தார்.

கேள்வி: ‘எ மைண்ட் டு கில்’ தொடரை ஆங்கிலத்தில் பார்த்தேன். வேல்ஸ் மொழியில் இருப்பது டப்பிங்கா?

டப்பிங் இல்லை. ஒரே காட்சியை வேல்ஸ் மொழியில் ஒரு முறை, ஆங்கிலத்தில் ஒரு முறை எனத் தனித்தனியே படம்பிடித்தார்கள். துப்பறியும் அதிகாரி நோயல் பெய்ன் இரண்டிலும் மேடாக்தான். இரண்டையும் அடுத்தடுத்துப் பாருங்கள். வேல்ஸ் மொழிப் பதிப்பில் பெய்ன் இன்னும் கொஞ்சம் இளகியவராக எனக்குத் தோன்றுகிறார்.

கேள்வி: குரலை மட்டும் கேட்க ஏதாவது உண்டா?

பிபிசி வானொலி நாடகங்களில் துப்பறியும் துறவி கேட்ஃபேலாகக் குரல் கொடுத்தார். அந்தத் துறவியும் வேல்ஸ்காரர்தான்.