துருக்கி சினிமாவில் ஒரு தயாரிப்புக் குடும்பம்: கெமால் ஃபிலிம் பற்றிய கேள்வி பதில்

கேள்வி: துருக்கியில் தனியார் படத் தயாரிப்பு எப்போது தொடங்கியது?

1922இல். அதுவரை ராணுவத்தின் சினிமாப் பிரிவும் போர்வீரர்களுக்கான சங்கங்களும்தான் படம் எடுத்தன. தியேட்டர் நடத்தி, வெளிநாட்டுப் படங்களை இறக்குமதி செய்துகொண்டிருந்த கெமால், ஷாகிர் செடென் சகோதரர்கள் கெமால் ஃபிலிம் கம்பெனியைத் தொடங்கினார்கள். இஸ்தான்புல்லின் ஃபெஸ்ஹானே ஆலையில் ஒரு பகுதியே ஸ்டூடியோ. இயக்குநர், நாடகக்காரரான முஹ்சின் எர்துருல்.

கேள்வி: முஸ்லிம் பெண்கள் முதலில் திரையில் தோன்றியது இவர்கள் படத்தில்தானா?

ஆமாம். ஹாலிதே எதிப் எழுதிய விடுதலைப் போர் நாவலைப் படமாக்கியபோது, பெண் வேடங்களில் துருக்கியப் பெண்களே நடிக்க வேண்டும் என்று அவர் கேட்டுக்கொண்டார். பேதியா முவஹ்ஹித், நெய்யிரே நெயிர் இருவரும் நடித்தார்கள். அதற்கு முன் அந்த வேடங்கள் ஆர்மீனிய, கிரேக்க, ரஷ்ய நடிகைகளுக்குத்தான் போயின. படம் 1923 ஏப்ரலில் வெளியானது. இஸ்தான்புல் அப்போதும் முதல் உலகப் போரில் ஜெயித்த நேச நாட்டுப் படைகளின் பிடியில்தான் இருந்தது.

கேள்வி: இவ்வளவு நல்ல தொடக்கம், பிறகு ஏன் 1924இலேயே நிறுத்திவிட்டார்கள்?

கையைக் கடித்தது, அவ்வளவுதான். பெக்தாஷி என்ற சூஃபிப் பிரிவினரைப் பற்றிய ஒரு படத்தின் படப்பிடிப்பில் கோபக்காரக் கூட்டம் புகுந்து கலைத்தது. ஓர் ஓபரெட்டாவை, அதாவது பாட்டு நிறைந்த இசை நாடகத்தை, படமாக எடுத்தார்கள். அது ஊமைப்படக் காலம்! பாட்டில்லாத ஓபரெட்டாவை யார் பார்ப்பார்கள்? அது ஓடவில்லை. அண்ணன் தம்பி பழையபடி இறக்குமதிக்குத் திரும்பிவிட்டார்கள். வியாபாரிகளாக அவர்கள் செய்தது சரிதான் என்பேன்.

கேள்வி: அப்புறம் எப்படித் திரும்ப வந்தார்கள், அண்ணா?

1948இல் அரசு உள்ளூர்ப் படங்களுக்கான கேளிக்கை வரியை 25 சதவீதமாகக் குறைத்தது. வெளிநாட்டுப் படங்களுக்கு 70. தியேட்டர்காரர்களுக்குத் துருக்கிப் படம் திடீரென்று லாபமாகிவிட்டது. இஸ்தான்புல்லின் பெயோலு பகுதியில், யெஷில்சாம் தெருவைச் சுற்றிக் கம்பெனிகள் முளைத்தன. துருக்கியின் வெகுஜன சினிமாவுக்கே அந்தத் தெருவின் பெயர் வந்தது.

கெமால் ஃபிலிமும் 1950களின் தொடக்கத்தில் மறுபடி தயாரிப்பில் இறங்கியது. இந்தமுறை ஆள் வேறு: கெமாலின் மகன் ஒஸ்மான் செடென், 1924இல் பிறந்தவர். இவர் பணம் போட்டுவிட்டு ஒதுங்கி நிற்கும் முதலாளி இல்லை. கதை வசனமும் எழுதுவார். 1952இல் இவர் எழுத, லுத்ஃபி அகாத் இயக்கிய ‘கானுன் நாமினா’ வந்தது. இஸ்தான்புல்லில் நிஜமாக நடந்த கொலைச் சம்பவம். கேமராவை நிஜத் தெருக்களுக்குக் கொண்டுபோனார்கள்; முஹ்சின் எர்துருல் காலத்து நாடக வாடை போனது. நாயகன் அய்ஹான் இஷிக், ஒரு பத்திரிகையின் நடிகர் போட்டியில் ஜெயித்து வந்தவர், இந்தப் படத்தோடு நட்சத்திரமானார். துருக்கியின் ‘முடிசூடா மன்னன்’ என்ற பட்டம் பின்னால் அவரைத் தேடி வந்தது. ஒரு தயாரிப்பாளருக்கு இந்த ஒரு படமே போதும்.

கேள்வி: யெஷில்சாமில் படத்துக்குப் பணம் எங்கிருந்து வந்தது? வங்கிக் கடனா?

வங்கியா! அதானா, இஸ்மிர், சாம்சூன், அங்காரா என்று ஏரியா ஏரியாவாக விநியோகஸ்தர்கள் இருந்தார்கள். நட்சத்திரத்தின் பெயரையும் கதைச் சுருக்கத்தையும் சொன்னால் அட்வான்ஸ் தருவார்கள், அதுவும் பெரும்பாலும் ரொக்கமாக இல்லை, பின்தேதியிட்ட கடன் பத்திரமாக. தயாரிப்பாளர் அதை வட்டிக்காரரிடம் கொடுத்து, கழிவு போக மிச்சத்தில் படம் எடுப்பார். அதனால் ‘எங்கள் ஏரியாவில் அழுகைப் படம்தான் ஓடும்’ என்று விநியோகஸ்தர் சொன்னால் கதை அழுகைப் படமாகிவிடும். 1970களின் தொடக்கத்தில் வருடத்துக்கு 300 படம் வரை வந்ததற்கும், பல படங்கள் ஒரே மாதிரி இருந்ததற்கும் காரணம் இதே ஏற்பாடுதான்.

கேள்வி: ஒஸ்மான் செடென் இயக்குநர் என்றல்லவா படித்தேன்?

அதுவும் உண்மை. 1955இல் இயக்கத் தொடங்கியவர் நூற்றுக்கும் மேல் இயக்கினார். எல்லாம் தேறாது. 1970களில் தொலைக்காட்சி பரவித் தியேட்டர்கள் காலியானபின் அவரும் அந்தப் பக்கம் போனார். 1986இல் ‘சாலிகுஷு’ நாவலைத் தொடராக எடுத்தார். சோவியத் நாட்டிலும் அதற்குப் பெரிய வரவேற்பு. 1998இல் காலமானார்.