முகத்தை வெளுக்காதீர்கள்

வணக்கம். நிறத்தைச் சொல்லிச் சொல்லியே நோகடிக்கப்பட்ட கொழுந்து பறிக்கும் அக்கா ஒருவரைப் பற்றி இலங்கை மலையகத்தின் நானுஓயாப் பக்கம் ஆவணப்படம் எடுக்கிறீர்கள். பனிமூட்டத்தில் அவர் முகம் இருண்டுபோகிறது, எடிட்டிங்கில் வெளுக்கலாமா என்று கேட்டிருந்தீர்கள். தயவுசெய்து வேண்டாம். அவரை இத்தனை காலம் வதைத்ததே அந்த எண்ணம்தான்.

பிழை அவர் தோலில் இல்லை. கேமரா தானாக ஒளியை அளக்கும்போது காட்சி முழுவதையும் நடுத்தரச் சாம்பலாக்கப் பார்க்கும். பின்னால் வெள்ளைப் பனி நின்றால் முகத்தையும் சேர்த்து இருட்டாக்கிவிடும். ஒளியளவை நீங்களே வைக்கும் மேனுவலுக்கு மாற்றி, ஒரு சிறு இடத்தை மட்டும் அளக்கும் ஸ்பாட் மீட்டரால் கன்னத்தை அளந்து, அந்த அளவிலிருந்து ஒளியை அரை முதல் 1 ஸ்டாப் வரை குறையுங்கள் (1 ஸ்டாப் குறைத்தால் ஒளி பாதியாகும்). அப்படியே விட்டால் கறுத்த தோல் வெளிறிவிடும். பனி வெளுத்தால் வெளுக்கட்டும். முடிந்தால் வானத்தை விட்டுத் தேயிலைச் சரிவு பின்னால் வரும்படி நிறுத்துங்கள்.

ஃபிலிம் நிறுவனமான கொடாக் நிறம் சரிபார்க்கப் பல ஆண்டுகள் அனுப்பிய 'ஷெர்லி' அட்டைகளில் இருந்தது வெள்ளைக்காரப் பெண்ணின் முகம். இந்தப் பாரபட்சம் படக்கருவிக்கும் பழையதுதான்.

அப்புறம், எடுத்ததை லயத்தில் (தோட்டத்து வரிசை வீட்டில்) அவருடன் உட்கார்ந்து போட்டுப் பாருங்கள். தன் நிறம் இதுதான் என்று அவர் சொல்வதையே வைத்துக்கொள்ளுங்கள்.