இரணைமடுவின் கீழுள்ள ஊர்கள்: வந்தவர்கள், போனவர்கள், திரும்பியவர்கள் (கேள்வி பதில்)

இலங்கையின் வடக்கிலுள்ள கிளிநொச்சியையும் அதைச் சுற்றியுள்ள கமக்கார ஊர்களையும் பற்றிக் கேள்விகள் வந்தபடியே இருக்கின்றன. பலரும் கேட்டவற்றை எடுத்துப் பதில் எழுதியிருக்கிறேன்.

ஐயா, கிளிநொச்சி எப்போது தொடங்கிய ஊர்? (யாழ்ப்பாணத்திலிருந்து ஒரு மாணவி)

பிள்ளை, குளத்திலிருந்து தொடங்குங்கள். கனகராயன் ஆற்றை மறித்து இரணைமடுக் குளம் கட்ட 1885-இல் திட்டம் வரைந்தவர் ஹென்றி பார்க்கர் என்ற நீர்ப்பாசனப் பொறியியலாளர். வேலை தொடங்கியது 1902-இல், முடிந்தது 1920 அளவில். இடையில் 1905-இல் காங்கேசன்துறை வரை ரயில் பாதையும் போட்டு முடித்துவிட்டார்கள்.

தண்ணீர் இருந்தது, தண்டவாளம் இருந்தது, ஆனாலும் சனம் வரத் தயங்கியது. காரணம் மலேரியா. யாழ்ப்பாணத்து இடநெருக்கடியையும் வேலையில்லாத் திண்டாட்டத்தையும் குறைக்க 1936-இல் அரசு கிளிநொச்சியில் குடியேற்றத்தைத் தொடங்கியது. காடு வெட்டிக் கொட்டில் போட்டவர்கள் காய்ச்சலோடு மல்லுக்கட்டித்தான் அங்கே நிலைத்தார்கள். 1940-களின் கடைசியில் நுளம்பு கொல்லும் டி.டி.ரி. மருந்து தெளித்து மலேரியா அடங்கிய பிறகுதான் குடும்பம் குடும்பமாக வரத் துணிந்தார்கள்.

உருத்திரபுரத்தில் இன்றைக்கும் யாரிடமாவது வழி கேட்டுப் பாருங்கள். 'எட்டாம் வாய்க்கால் தாண்டி', 'பத்தாம் வாய்க்காலுக்கு இந்தப் பக்கம்' என்றுதான் சொல்வார்கள். தண்ணீர் போன வழியே ஊர் போனதற்கு இதைவிட வேறு சாட்சி வேண்டாம்.

அப்படியென்றால் அங்கே பழைய ஊரே இல்லையா? (கொழும்பிலிருந்து ஒரு தம்பி)

கிளிநொச்சிக்கு மேற்கேயுள்ள பூநகரியாரிடம் இப்படிக் கேட்டால் கோபம் வரும், நியாயமான கோபம். அங்கே கோட்டை கட்டியவர்கள் போர்த்துக்கேயர். கடலேரியை ஒட்டிய அந்த மண்ணில் வானத்தை நம்பி மொட்டைக்கறுப்பன் நெல் விதைத்து வந்தவர்கள் குடியேற்றத் திட்டம் எதற்கும் காத்திருந்தவர்கள் அல்லர். முல்லைத்தீவுப் பக்கம் போனால் 1803-இல் வெள்ளையரின் கோட்டையைத் தாக்கிய சிற்றரசன் பண்டாரவன்னியனின் நிலம். கிளிநொச்சியும் முல்லைத்தீவும் அடங்கிய இந்த வன்னிப் பகுதி வெறுங்காடாகக் கிடந்தது என்பது தவறான பேச்சு. காட்டுக்குள் சிறு குளங்களும் அவற்றை அண்டிய சிறு ஊர்களும் இருந்தன.

கிளிநொச்சி மாவட்டத்தின் சனத்தொகை முப்பது வருடத்தில் ஏன் இவ்வளவு குறைவாகக் கூடியிருக்கிறது? (கனடாவிலிருந்து ஒரு வாசகர்)

எண்களை முதலில் பார்ப்போம். 1981 கணக்கெடுப்பில் 91,764 பேர். 2012-இல் 113,510 பேர். ஏறத்தாழ 24 வீதம்தான் கூடியிருக்கிறது. அதே காலத்தில் முழு இலங்கையின் தொகை ஏறத்தாழ ஒரு கோடி 48 இலட்சத்திலிருந்து இரண்டு கோடி மூன்று இலட்சமாக உயர்ந்தது. ஒன்றைக் கவனியுங்கள்: 1981-இல் கிளிநொச்சி என்று ஒரு மாவட்டமே இல்லை. யாழ்ப்பாண மாவட்டத்திலிருந்து 1984-இல்தான் பிரித்தார்கள். அந்த 91,764 பிறகு எல்லை பார்த்துப் பிரித்தெடுத்த எண்.

ஆனால் இந்த இரண்டு எண்களுக்கும் நடுவே கோடு கீறி 'மெல்ல வளர்ந்த ஊர்' என்று எழுதினால் அது பொய். 1991-இல் நாடு முழுவதிலுமே கணக்கெடுப்பு நடக்கவில்லை. 2001-இல் இந்தப் பக்கம் எடுக்க முடியவில்லை. எண்ணாமல் விட்ட அந்த முப்பத்தொரு வருடத்துக்குள்தான் போரும் இடப்பெயர்வும் எல்லாம் நடந்தது. 1995 ஒக்டோபரில் யாழ்ப்பாணத்தை விட்டுப் புறப்பட்ட சனத்தில் பெரும் பகுதி வன்னிக்கு வந்து சேர்ந்தது. 1996-இல் கிளிநொச்சி நகரமே பெயர்ந்தது. 2008-இன் கடைசி மாதங்களில் சட்டி பானை, கூரைத் தகரம் என்று கழற்றி உழவு இயந்திரப் பெட்டியில் ஏற்றிக்கொண்டு ஊர் ஊராகக் கிழக்கே நகர்ந்தார்கள். போர் முடிந்தபோது ஏறத்தாழ 280,000 பேர் முகாம்களில் இருந்தார்கள், பெரும்பாலானோர் செட்டிகுளம் மெனிக் பாமில். அந்த முகாம் 2012 செப்டெம்பரில்தான் மூடப்பட்டது.

ஆகவே 2012 மார்ச்சில் எடுத்த கணக்கு, மீளக்குடியேற்றம் முடியாத காலத்துக் கணக்கு. செத்தவர்களும் காணாமல் ஆக்கப்பட்டவர்களும் வெளிநாடு போனவர்களும் அதில் வெற்றிடமாக இருக்கிறார்கள். அதை வளர்ச்சிக் கணக்காகப் பார்க்காதீர்கள்.

நாங்கள் பாரதிபுரம். எங்கள் அம்மம்மா மலைநாட்டிலிருந்து வந்தவர். ஊர் வரலாறு எழுதுகிறவர்கள் எங்களை ஏன் விட்டுவிடுகிறார்கள்? (ஒரு சகோதரி)

தங்கச்சி, இதற்குத்தான் நீளமாகப் பதில் சொல்ல வேண்டும். விடுவது தவறு, நெடுநாளாக நடக்கும் தவறு.

மலைநாட்டுத் தோட்டங்களில் வேலை செய்த மலையகத் தமிழர் ஒரே அலையாக வன்னிக்கு வரவில்லை. தமிழருக்கு எதிரான 1958 கலவரத்துக்குப் பிறகு சிலர் வந்தார்கள். 1970-களின் முற்பகுதியில் தோட்டங்களில் பட்டினி கடுமையானபோது இன்னும் பலர். 1977 கலவரத்துக்குப் பிறகு வந்தவர்கள்தான் மிக அதிகம். அவர்களைக் குடியேற்றி உதவியதில் 1976-இல் கட்டடக் கலைஞர் எஸ்.ஏ. டேவிட்டும் மருத்துவர் இராஜசுந்தரமும் தொடங்கிய காந்தீயம் அமைப்புக்குப் பெரிய பங்கு உண்டு. இராஜசுந்தரம் 1983 ஜூலையில் வெலிக்கடைச் சிறையில் கொல்லப்பட்டார். பாரதிபுரம், மலையாளபுரம், கிருஷ்ணபுரம், தர்மபுரம், ஜெயபுரம் எல்லாம் இந்தச் சனத்தின் கைபட்டு எழுந்த ஊர்கள்.

அவர்களுக்குக் கிடைத்த இடத்தையும் பாருங்கள். முதலில் வந்தவர்களுக்கு வாய்க்கால் கரையில் வயலும் அதோடு மேட்டுக்காணியும். பிறகு வந்த மலையக மக்களில் பெரும்பாலோருக்கு வாய்க்கால் எட்டாத மேட்டு நிலம் மட்டும். சிறுபோகத்துக்கு (குளத்து நீரை நம்பிய கோடை நெல்லுக்கு) முன் கமக்காரர் கூடும் கூட்டத்தில் குளத்து நீர்மட்டத்தைப் பார்த்து எத்தனை ஏக்கர் விதைக்கலாம் என்று பங்கு பிரிக்கும்போது, வயல் இல்லாதவருக்கு அங்கே கதிரையும் இல்லை. அடுத்தவர் வயலில் களை பிடுங்கி, நாற்று நட்டு, கூலிக்குப் போய்த்தான் பிள்ளைகளைப் படிப்பித்தார்கள். காணிக்குப் பத்திரம் இல்லாததால், போருக்குப் பிறகு வீட்டுத்திட்டம் வந்தபோதும் பலர் அலைய வேண்டியிருந்தது.

கிளிநொச்சி நெல்லில் இவர்களுடைய உழைப்பு இருக்கிறது. இவர்களை விட்டுவிட்டு எழுதுகிற ஊர் வரலாற்றை நான் ஏற்பதில்லை.

விசுவமடு மிளகாய்க் காசில் வீடு கட்டினார்கள் என்று அப்பா சொல்வார். உண்மையா? (லண்டனிலிருந்து ஒரு தம்பி)

உண்மைதான். விசுவமடுவும் முத்தையன்கட்டும் படித்த வாலிபர் திட்டத்தில், அதாவது படித்த இளைஞருக்கு அரசு காணி கொடுத்த திட்டத்தில், குடியேறிய இடங்கள். 1970-இல் வந்த அரசு இறக்குமதியைக் கட்டுப்படுத்தியதும் செத்தல் மிளகாய்க்கும் வெங்காயத்துக்கும் நல்ல விலை வந்தது. 1977-இல் இறக்குமதியைத் திறந்துவிட்டார்கள், விலை படுத்துவிட்டது.

எங்கள் தாத்தாவின் காணிப் பெர்மிட் இடப்பெயர்வில் தொலைந்துவிட்டது. அவர் எப்போது வந்தார் என்று எப்படி அறியலாம்? (வட்டக்கச்சியிலிருந்து ஒரு வாசகர்)

1935-ஆம் ஆண்டுக் காணி அபிவிருத்திச் சட்டத்தின் கீழ் கொடுத்த அனுமதிப்பத்திரம் என்றால், அதன் விவரம் பதிவேட்டிலும் ஏறியிருக்க வேண்டும். பிரதேச செயலகத்தின் காணிக் கிளையில் தாத்தாவின் முழுப்பெயர், வாய்க்கால் இலக்கம், காணித்துண்டு இலக்கம் கொடுத்துக் கேளுங்கள். வாரிசு யார் என்று பெயர் குறித்திருந்தால் அதையும் பார்த்துக்கொள்ளுங்கள், பிறகு சகோதரருக்குள் வழக்கு வராமல் இருக்கும்.

பதிவேடும் அழிந்திருந்தால் பள்ளிக்கூடச் சேர்வுப் புத்தகம், கோயில் உபயகாரர் பட்டியல், பழைய வாக்காளர் இடாப்பு ஆகியவற்றைத் தேடுங்கள். அதோடு, பக்கத்துக் காணிக்காரரில் வயது போனவர் யாரும் இருந்தால் இந்தக் கிழமையே போய்ப் பேசி, பதிவு செய்துகொள்ளுங்கள்.