ஆவணப்படத் தயாரிப்பு: மும்பையிலிருந்து சில பதில்கள்

22 வருடமாக மும்பையில் ஆவணப்படங்கள் தயாரிக்கிறேன். நண்பர்களோடு சேர்ந்து மாட்டுங்காவில் ஒரு சிறிய ஆவணப்பட விழாவும் நடத்தி வருகிறோம். வந்த கேள்விகளில் சிலவற்றுக்கு இங்கே பதில் சொல்கிறேன்.

தயாரிப்பாளர் என்றால் பணம் போடுபவர்தானே மேடம்? (முலுண்ட், கல்லூரி மாணவி)

ஆவணப்படத்தில் பணம் தேடிக் கொண்டுவருபவர்தான் தயாரிப்பாளர். யாரிடம் என்ன ஒப்புதல் வாங்கியிருக்கிறோம், பழைய காட்சித் துண்டு யாருக்குச் சொந்தம், கேமராக்காரருக்கு எப்போது சம்பளம், ஹார்ட் டிஸ்க்கின் இரண்டாவது நகல் யார் வீட்டில் இருக்கிறது என்று எல்லாம் அவர் பொறுப்பு. மூன்றாவது வருடம் இயக்குநர் சோர்ந்துபோனால், பக்கத்தில் உட்கார்ந்து எடுத்ததை முழுக்கப் பார்ப்பதும் அவர்தான்.

அக்கா, திருநெல்வேலியிலிருந்து தாராவிக்கு வந்து தோல் வேலை செய்த குடும்பம் எங்களுடையது. அப்பா, சித்தப்பா எல்லாரும் பட்டறையில் இருந்தவர்கள். அதைப் படமாக எடுக்க ஆசை. கையில் போன் மட்டும்தான் இருக்கிறது. (தாராவி)

போன் போதும் தம்பி. ஒரு நல்ல காலர் மைக் மட்டும் வாங்கிக்கொள்ளுங்கள். படம் கொஞ்சம் மங்கினால் மக்கள் பொறுத்துக்கொள்வார்கள், பேச்சு கேட்கவில்லை என்றால் எழுந்து போய்விடுவார்கள். உங்கள் சித்தப்பாவிடம் முதலில் பேச்சை மட்டும் பதிவு செய்யுங்கள். கேமரா இல்லாதபோதுதான் பெரியவர்கள் சுற்றி வளைத்து எல்லாவற்றையும் சொல்வார்கள்.

இன்னொன்று, ரேடியோ. ஒரு பட்டறையில் நாங்கள் நாலு நாள் எடுத்தோம். பெல்ட் தைக்கும் ஒரு பெரியவர், தையல் மெஷினுக்கு மேலே பலகையில் ஒரு ரேடியோ வைத்திருந்தார். பாட்டுக்கு ஏற்றபடி அவர் கால் மிதிக்கும். அதை அணைக்கச் சொல்ல எனக்கு மனசு வரவில்லை. எடிட்டிங்கில்தான் வினை வந்தது. ஒரு சினிமாப் பாட்டுக்கு இசை, வரிகளின் உரிமை ஒன்று, ஒலிப்பதிவின் உரிமை இன்னொன்று. இரண்டையும் வாங்க எங்களிடம் காசில்லை. பெரியவரின் மிக அழகான பேச்சு அந்தப் பாட்டோடு கலந்தே பதிவாகியிருந்தது, அதனால் அவ்வளவையும் வெட்டினோம். இன்றைக்கும் எனக்கு அது வலிக்கிறது. ரேடியோவோடு கொஞ்சம் எடுங்கள், அப்புறம் அவர்களிடம் அனுமதி கேட்டு, அணைத்துவிட்டு ஒருமுறை எடுங்கள்.

ஒப்புதல் கடிதம் தமிழிலேயே இருக்கட்டும். படித்துக் காட்டி, ஒரு நகலை அவர்களிடமே கொடுத்துவிடுங்கள்.

பணம் எங்கிருந்து வரும்? (நவி மும்பை)

ஒரே இடத்திலிருந்து வராது. கொல்கத்தாவில் நடக்கும் டாக்எட்ஜ் என்ற ஆவணப்படச் சந்திப்பு மாதிரி இடங்களில் உங்கள் படத்தை வெளிநாட்டுத் தொலைக்காட்சி ஆட்கள் முன்னால் சில நிமிடங்களில் எடுத்துச் சொல்லலாம். ஆம்ஸ்டர்டாமில் நடக்கும் இட்ஃபா ஆவணப்பட விழாவின் பெர்த்தா நிதி நம்மைப் போன்ற நாடுகளின் படங்களுக்கு உதவுகிறது. முதுமலை யானைகளைப் பற்றிய குறும்படம் 2023இல் ஆஸ்கர் வாங்கியபின், ஆவணப்படம் என்றால் என்ன என்று யாருக்கும் விளக்க வேண்டியதில்லை. ஆனால் அதனால் பணம் தேடுவது சுலபமாகிவிட்டது என்று நான் சொல்லமாட்டேன். இப்போதும் வீட்டு வாடகைக்கு நான் நிறுவனங்களுக்குச் சிறு படங்கள் செய்து கொடுக்கிறேன்.

சென்சார் சான்றிதழ் இல்லாத படத்தை விழாவில் போட முடியுமா? (செம்பூர்)

முடியும். 1952ஆம் வருட சினிமாட்டோகிராஃப் சட்டத்தின் 9ஆவது பிரிவில் விலக்கு தர வழி இருக்கிறது. விழா நடத்துபவர்தான் தகவல் ஒலிபரப்பு அமைச்சகத்துக்கு முன்கூட்டியே விண்ணப்பிக்க வேண்டும்.

இந்த விஷயத்தில் நம் ஊருக்கு ஒரு வரலாறு உண்டு. 1990இல் மத்திய அரசின் ஃபிலிம்ஸ் டிவிஷன் தொடங்கிய மும்பை சர்வதேச ஆவணப்பட விழாவில், 2004ஆம் ஆண்டு இந்தியப் படங்களுக்கு மட்டும் சான்றிதழ் கேட்டார்கள். நாடு முழுக்க ஆவணப்படக்காரர்கள் எதிர்த்ததும் நிபந்தனை போய்விட்டது. ஆனால் பல படங்கள் தேர்வில் விடுபட்டன. உடனே ஆவணப்படக்காரர்களே பிரபாதேவி பூபேஷ் குப்தா பவனில் 'விகல்ப்' என்று தனியாக விழா நடத்திவிட்டார்கள். விழா நடத்தப் பெரிய பணம் வேண்டாம் என்ற துணிச்சல் எனக்கு அங்கிருந்துதான் வந்தது.

சின்ன விழா நடத்த முதலில் எதைக் கவனிக்க வேண்டும்? (சயான் கோலிவாடா)

படம் சரியாக ஓடுகிறதா என்பதை. முதல் நாளே, காலி அரங்கில், முழுசாக. ஒருமுறை 60 நிமிடப் படம் ஒன்று, நொடிக்கு 25 ஃபிரேமில் (தனித்தனிப் படங்களில்) எடுத்தது, 24க்கு மாற்றி வந்திருந்தது. ஓடும் நேரம் 62 நிமிடம் 30 நொடி ஆகிவிட்டது. சப்டைட்டில் மட்டும் பழைய கணக்கிலேயே இருந்தது. முதல் சில நொடிகள் மட்டும் பார்த்தால் தெரியாது. பத்தாவது நிமிடத்தில், ஒரு அம்மா வாய் திறப்பதற்கு 25 நொடி முன்னாலேயே அவர் பேசப்போவது திரையில் வந்தது. முதல் நாள் பார்த்ததால் ராத்திரியோடு ராத்திரியாகச் சரிசெய்ய முடிந்தது.

எங்கள் தெருவில் முதலில் காட்டினால் பெரிய விழாக்கள் எடுக்காதா? (தாராவி, அதே தம்பி)

பெரிய விழாக்கள் முதல் திரையிடலைத் தங்களுக்கே கேட்கும், அதனால் யூடியூபில் போட்டுவிடாதீர்கள். படத்தில் இருப்பவர்களுக்குத் தனியாகக் காட்டுவதைப் பொதுவாக யாரும் கணக்கில் எடுப்பதில்லை. சந்தேகம் இருந்தால் விழாவுக்கு ஒரு வரி எழுதிக் கேளுங்கள். ஆனால் காட்டாமல் விடாதீர்கள். எடிட்டிங்கை முடிவு செய்வதற்கு முன்னால் காட்டுங்கள், வேண்டாம் என்று ஒருவர் சொன்னால் அப்போதுதான் அந்தக் காட்சியை நீக்க முடியும். பட்டறை வேலை முடியும் நேரம் பார்த்து வையுங்கள். உங்கள் சித்தப்பாவுக்கு ஸ்பீக்கர் பக்கத்தில் நாற்காலி போடுங்கள்.